ஆழம் எழுதுவதில்லை

மல்லாகம் நீதவான் மன்றில்
சாட்சிக் கூண்டில் நிற்கிறேன்.
கையில் நான் எழுதிய சீதன உறுதி,
இலக்கம் நானூற்றுப் பதினேழு.
அதன் நெற்றியில் இப்போது சிவப்பு மையில்
இன்னொரு இலக்கம்: சான்றுப் பொருள் மூன்று.

வாசிக்கச் சொன்னார்கள். வாசித்தேன்.
சண்டிலிப்பாயில் இருக்கும்
நாவலடிப்புலம் என்னும் காணி,
இரண்டு பரப்பு ஆறு குழி.
கிழக்கே ஒழுங்கை.
வடக்கே பூரணம். மேற்கே சறோசினி.
தெற்கே தையல்முத்துவின் உரிமைக்காரர்.
இந்நான்கெல்லைக்குட்பட்ட நிலம், கல்வீடு,
வான்பயிர், தான்பயிர்,
மூன்றிலொரு பங்குக் கிணறு,
வழி வாய்க்கால்.

எங்கள் உறுதிகளில் எல்லைகள் பெண்கள்.
தாய்வழி வந்த காணிகளில் குடியிருப்பவர்கள்.
இரவில் சத்தம் கேட்டதா என்று பொலிஸ் கேட்டபோது
எல்லைகள் மூன்றும்
தாங்கள் நேரத்தோடு படுப்பதாகச் சொல்லியிருக்கின்றன.

சுபாங்கினி கையெழுத்து வைத்த நாள்
வெள்ளிக்கிழமை. நல்ல நேரம் பத்தே காலுக்கு.
மாப்பிள்ளை பகுதி கேட்ட டொனேசன் பதினைந்து
ஏற்கனவே கைமாறியிருந்தது,
அது உறுதியில் வராது.
அவள் மட்டும் பேனையை வைக்காமல் கேட்டாள்:
"அக்கா, பிறகு ஆரும் இதை மாத்தேலுமோ?"
"உம்மட கையெழுத்து இல்லாமல்
ஒரு குழி நிலம் அசையாது, பிள்ளை."
பெருமையாகத்தான் சொன்னேன்.
பூட்டொன்றைச் செய்து
திறப்பையும் அவளிடமே கொடுத்த பெருமை.

திறப்பு எங்கே இருக்கிறதென்று
அப்போது அறையில் இருந்த எல்லாருக்கும் தெரிந்தது.

எட்டு மாதம் கழித்து வந்தாள், தனியாக.
சித்திரை வெயிலில் நீளக்கை உடுப்பு.
வலது கையில் சீலைக் கட்டு.
உறுதிப் பிரதி ஒன்று வேணும் என்றாள்.
பிறகு, மேசையைப் பார்த்தபடி,
"கையெழுத்து வைக்கேலாட்டி
பெருவிரல் அடையாளம் காணுமோ?"
காணும் என்றேன். இரண்டு சாட்சி வேணும் என்றேன்.
பிரதிக்கு முந்நூறு ரூபாய் வாங்கி
பற்றுச்சீட்டும் எழுதினேன்.
அந்தப் பற்றுச்சீட்டு
சான்றுப் பொருள் நான்கு.

சட்ட வைத்திய அதிகாரி சொன்னார்:
நுரையீரலில் தண்ணீர்.
முழங்கைக்கு மேலே காயங்கள் ஐந்து,
ஒவ்வொன்றுக்கும் வேறு வயது.
பெருவிரலில் நீல மை, முழுதாய்க் கழுவப்படாதது.

பாக்குநீரணைக்கு அந்தப் பக்கம்
கலியாணமாகி ஏழு வருடத்துக்குள் இப்படிச் செத்தால்
அதற்கென்றே ஒரு பிரிவு உண்டு.
எங்கள் சட்டக்கோவையில்
சீதனச் சாவு என்று ஒரு தலைப்பில்லை.
அவளைக் கொலைக்குள் தேடவேண்டும்,
காயத்துக்குள், தற்கொலைக்குத் தூண்டியதற்குள்.
எதிரிச் சட்டத்தரணி
தவறி விழுந்ததற்குள் தேடுகிறார்.
"கிணற்றின் ஆழம் எவ்வளவு?" என்று என்னைக் கேட்டார்.

ஐயா, உறுதியில் நீளம் அகலம் வரும்.
எல்லை வரும். பங்கு வரும்.
நின்ற மரம், நிற்கப்போகும் மரம் எல்லாம் வரும்.
ஆழம் எழுதுவதில்லை.

கஜரூபன் கைவிரலைப் பார்த்தபடி நின்றான்.
கேட்க வேறொன்றுமில்லை என்றார்கள்.
வழக்கு இருபத்தாறாம் திகதிக்குத் தவணை.

வெளியே, சைக்கிள்கள் நிறுத்திய வேம்படியில்
அவளுடைய தகப்பன் கனகலிங்கம் காத்திருந்தார்.
பிள்ளை இல்லாமல் போனவளின் சீதனம்
பெற்ற பக்கத்துக்கே திரும்பும், தேசவழமை.
அதைச் சொல்லத்தான் வாயெடுத்தேன்.
தெரியும் என்று தலையாட்டினார்.
செருப்பில்லாத காலால் மண்ணைக் கிளறிவிட்டுக் கேட்டார்:

"அந்தக் கிணத்தைத் தூர்க்கலாமோ, பிள்ளை?"

சட்டம் எனக்குத் தெரியும்.
மற்ற இரண்டு பங்குக்காரரும்
சம்மதித்துக் கையெழுத்து வைக்கவேண்டும்.