செல்லோ வரவில்லை

அம்பகாமத்துக்கு வந்த முதல் நாள்
வொல்ஃப்ராம் கெஸ்லிங் எங்களிடம் கேட்டது
கண்ணிவெடி பற்றி அல்ல,
கருவி கத்துவது எந்தச் சுரம் என்று.
கேட்டுவிட்டுத் தானே பதிலும் சொன்னார்:
"லா"வுக்கு ஒரு மயிரிழை கீழே.
சுகந்தமலர் தன் கருவியைத் தட்டிப் பார்த்தாள்,
பழுதென்றால் திருத்தக் கொடுக்கவேணும் என்று.

படங்களுக்கு இசை போடுகிறவராம்.
அறுபத்தெட்டு வயது. வெயிலில் நண்டு நிறம்.
பத்தரை மணித் தேத்தண்ணீருக்குப்
பாலைமர நிழலில் எங்களோடு குந்தித்
தன் உத்தியோகத்தைச் சொன்னார்.
அமலதாசன் தமிழாக்கினான்,
பாதியை விழுங்கி விழுங்கி.

இருபத்தாறு வயதில் ஒரு படம்,
ஆற்றுப் படகோட்டி ஒருவனைப் பற்றி.
நல்ல படம். ஆள் வரவில்லை.
பிறகு தொலைக்காட்சி.
மிருக வைத்தியர் தொடர், ஒன்பது வருடம்:
பசு கன்று போட்டால் புல்லாங்குழல்,
குதிரை செத்தால் பியானோ.
சலவைத்தூள் விளம்பரத்துக்கு ஏழு விநாடி.
வீடு கட்டித் தந்தது அந்த ஏழு விநாடிதான்.
பிறகு பொலிஸ் தொடர்,
இருநூற்றுப் பன்னிரண்டு பாகம்,
பாகத்துக்கு ஒரு பிணம்.
பிணம் கண்டெடுக்க ஒன்பது விநாடி, செல்லோ.
எப்போதும் செல்லோ.

"இங்கே நீங்களும் கண்டெடுப்பதுண்டா?"

உண்டு என்றேன்.
போன ஆவணியில், வீரை வேருக்குக் கீழே.
வேலையை நிறுத்தினோம். பொலிசுக்கு அறிவித்தோம்.
நீதவான் வந்தார். நாடா கட்டினார்கள்.
ஒற்றைப் பாட்டா ஒன்று, மண்ணோடு மண்ணாய்.
பின்னேரம் ஐந்து மணிக்கு வான் வந்தது.
செல்லோ வரவில்லை.

அமலதாசன் மொழிபெயர்க்காமல் நின்றான்.
சொல்லடா என்றேன்.
சொன்னான்.

மூன்றாம் மாதம் திரும்பி வந்தார்.
மாங்குளம் விடுதியில், மடிக்கணினித் திரையில்,
என் முழங்கால், என் கத்தரிக்கோல்,
புல்லை இதழ் இதழாய் நறுக்குகிற என் கை.
அடியில் நாற்பது வயலின் மெல்ல ஏறி வந்தது.
பார்த்துக்கொண்டிருந்த எனக்கே நெஞ்சடைத்தது:
ஐயோ, இந்தப் பெண் இப்ப சாகப்போறாள்.

"அப்போது பயம் இருப்பதில்லையா?"

இருக்கும். அது காலமை ஆறு மணி வானில்.
குந்திவிட்டால் வேறு நினைப்பு:
மோட்டார் சைக்கிள் லீசிங்,
மகனின் சப்பாத்துச் சைஸ்,
முகக்கவசத்துக்குள் என் மூச்சு
புழுக்கமாய் எனக்கே திரும்பி வருவது.

கொஞ்ச நேரம் திரையைப் பார்த்தார்.
ஒரு விசையை அழுத்தினார்.
நாற்பது பேரும் எழும்பிப் போனார்கள்.

படம் வந்தபோது அந்த இடத்தில்
கத்தரிக்கோல் மட்டும்,
எங்கோ ஒரு செண்பகம்.
அங்கே இசை ஒலிக்கிற விநாடிக்குத்தான் காசாம்,
அமலதாசன் பிறகு சொன்னான்.
வெட்டியது நாலரை நிமிடம்.
நாங்களும் அளவில்தான் சீவிக்கிறோம்,
நாளுக்கு இத்தனை சதுர மீற்றர் என்று.
அவருடைய நட்டத்தை
மனதுக்குள் கணக்குப் பார்க்கத் தொடங்கினேன்.
பிறகு விட்டுவிட்டேன்.
சலவைத்தூள் இருக்கிறது அவருக்கு.

விடுதி வாசலில் அன்று
என்னைக் கூட்டிப்போக வந்த மகனுக்கு
அந்தப் பொலிஸ் தொடரின் தொடக்கத்தைச்
சீழ்க்கையடித்துக் காட்டினார்.
இவன் இன்னும் அடிக்கிறான்,
கிணற்றடியில், தலையில் சவர்க்காரத்தோடு.
கடைசிச் சுரம் வரும்போது
நுரை வாய்க்குள் போய்
நின்றுவிடுகிறது.