612

அறுவடை மாதங்களில்
இரவு பதினொன்றானாலும் பழம் வந்துகொண்டிருக்கும்.
கென்ய மலையின் தெற்குச் சரிவு,
காபிச் சங்கத்தின் எடைமேடை.
கோணி ஏறும், முள் நடுங்கி நிற்கும்,
நான் எழுதுவேன்:
உறுப்பினர் எண், கிலோ, தேதி.
பெயருக்கு அந்தப் புத்தகத்தில் இடமில்லை.
பதினாறு வருஷமாக இந்தச் சரிவில்
எண்களோடுதான் எனக்குப் பழக்கம்.

நியாகுதீ, 612.
அவள் கணவன் கிபாரா, 208.
அவன் இறந்த மறுவாரம்
சேர்மன் கதோகோ என் மேஜையில் சாய்ந்து சொன்னார்:
'அவள் பழத்தையும் 208-லேயே ஏற்று.
உரக்கடன் அந்த எண்ணில்தானே நிற்கிறது.'
ஏற்றினேன்.
மரம் அவளுடையது, பறித்த விரல் அவளுடையது,
வரவு செத்தவனுடையது.

மூன்று பருவம்.
612-க்கு நேரே பூஜ்யம், பூஜ்யம், பூஜ்யம்.

மார்ச்சில் கடிதம் போனது. தட்டியவன் நான்.
தொடர்ந்து மூன்று பருவம் விளைபொருள் ஒப்படைக்காததால்
துணைவிதி பதினொன்றின்படி
தாங்கள் தகுதிநீக்கம் செய்யப்படுகிறீர்கள்.
அதே கட்டில் இன்னொரு உறை:
மதிப்புக்குரிய உறுப்பினர் கிபாரா அவர்களுக்கு,
பொதுக்குழுவுக்குத் தவறாமல் வருக.
மதிய உணவு உண்டு.

இரண்டையும் அவள்தான் கையொப்பமிட்டு வாங்கினாள்.

சத்தம் போடவில்லை. எடைமேடைக்கு வந்து கேட்டாள்:
'புதைத்தவனுக்குச் சாப்பாடு, இருப்பவளுக்கு நீக்கம்.
இதற்குச் சட்டத்தில் என்ன பெயர்?'
எனக்குப் பெயர்கள் தெரியாது என்றேன்.

கெருகோயாவில் இலவச சட்ட உதவி, செவ்வாய்க்கிழமை மட்டும்.
அங்கிருந்த பெண் ஒவ்வொன்றாய்க் கேட்டாளாம்.
நீக்குமுன் நோட்டீஸ் வந்ததா?
இல்லை.
உன் தரப்பைச் சொல்லக் கூப்பிட்டார்களா?
இல்லை.
யார் தீர்மானித்தது, எத்தனை பேர்?
தெரியாது.
'தெரியாதென்றால் கேள். தீர்மானத்தின் நகல் உன் உரிமை.
முதலில் பொதுக்குழு. அதுவும் கைவிட்டால்
நைரோபியில் கூட்டுறவுத் தீர்ப்பாயம்.
நாளை எண்ணிக்கொண்டே இரு,
காலம் கடந்தால் நியாயமும் ஊறின பழம்தான்.'

பொதுக்குழு அன்று மழை. ஆள் குறைந்தது.
கோரம் போதவில்லை என்றார் செயலாளர்.
வருகைப் பதிவேட்டில் விரல் இறங்கிப் போய்
208-ல் நின்றது. ஒரு டிக்.
கோரம் நிறைந்தது.
அந்தச் சொல்லுக்கு
வேறொரு பொருளும் உண்டென்று
நான் மட்டும் நினைத்துக்கொண்டேன்.
கணவனின் ஓட்டோடு மனைவியின் நீக்கம் உறுதியானது.
கோழிக்கறி நன்றாக இருந்தது.
நானும் சாப்பிட்டேன்.

ஜூனில் வந்தாள், கையில் ஒரு பிரமாணப் பத்திரம்.
சாட்சியின் பெயர் இருக்கவேண்டிய இடத்தில் புள்ளிக்கோடு.
'கட்டாயமில்லை' என்றாள்,
'உன் எழுத்தைத் தீர்ப்பாயம் எப்படியும் பார்க்கும்.
நீ இல்லாமல் பார்ப்பதா, உன்னோடு பார்ப்பதா
என்பதுதான் மிச்சம்.'

எனக்கு மூன்று பிள்ளைகள்.
சேர்மன் என் மைத்துனனுக்கு வேலை தந்தவர்.
இவற்றைப் பத்திரத்தில் எழுத இடமிருந்தால்
எழுதியிருப்பேன்.
கையெழுத்துப் போட நான்கு நாள் ஆனது.

மட்டாட்டுவில் மூன்று மணி நேரம், மடியில் எடைப்புத்தகம்.
நைரோபியில் முதல் தேதி: எதிர்த்தரப்பு அவகாசம் கேட்டது.
இரண்டாவது: உறுப்பினர் ஒருவர் விடுப்பு.
மூன்றாவதில் பக்கத்தைப் புரட்டிய அம்மா
கண்ணாடியை இறக்கிக் கேட்டார்:
'இறந்தவர் இருபத்தெட்டு முறை பழம் கொண்டுவந்தாரா?'
'இல்லை அம்மா. நான் கொண்டுவந்தேன்' என்றாள் நியாகுதீ,
கேள்வி என்னைப் பார்த்துக் கேட்கப்பட்டது.

தீர்ப்பு இன்னும் வரவில்லை. பிப்ரவரிக்குத் தள்ளியிருக்கிறது.
கையில் இருப்பது இடைக்காலத் தடை, ஒன்றரைப் பக்கம்:
வழக்கு முடியும்வரை நீக்கம் செல்லாது,
மனுதாரரின் பழத்தை
மனுதாரரின் எண்ணிலேயே பெறவேண்டும்.

என்னை உரக்கிடங்குக்கு மாற்றப்போகிறார்கள் என்று பேச்சு.
அடுத்த திங்களாக இருக்கலாம்.

நேற்று இரவு அவள் முறை வந்தது.
கோணியை ஏற்றினாள்.
நாற்பத்தொன்றரைக்கு வந்து முள் நின்றது.
எல்லோரும் முள்ளைப் பார்ப்பார்கள்.
அவள் என் பேனாவைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.