பட்டை வாசம்

உறைய வைத்த பரோட்டா, பாக்கெட் நூற்றிருபது.
கடையிலிருந்து மாடிப்படி ஏறுவதற்குள்
சத்துவாச்சாரி வெயில் அதைப் பாதி இளக்கிவிட்டது.
நல்லதுதான், காத்திருக்க நேரமில்லை:
இரண்டரைக்கு ஷிப்ட்.

வெண்ணெய். நாட்டுச் சர்க்கரை.
பட்டையை மிக்சியில் ஓட்டினால்
மூடி இடுக்கில் புகைபோல் கசிகிறது பழுப்பு.
தூவி, பாய் சுருட்டுவதுபோல் சுருட்டினேன்.
கத்தி வைத்தால் நசுங்குகிறது.
நூலை அடியில் விட்டுக் குறுக்கே இழுத்தேன்;
தினமும் தையல் பிரிக்கிற கைக்கு
இது தெரியாதா என்ன.

அவன் இல்லை
(அடுப்பைத்தான் சொல்கிறேன்).
பணியாரக்கல் இருக்கிறது.
குழிக்கு ஒரு சுருள், மேலே மூடி, சிறுதீ.

மூன்றாம் நிமிடம் எதிர்வீட்டு அஷ்ரபுன்னிசா
கையில் கரண்டியோடு வாசலில்:
"வெள்ளிக்கிழமைகூட இல்லையே,
யார் வீட்டுப் பிரியாணி?"

இந்த ஊர் மூக்குக்குப் பட்டை என்றால்
அடுத்து அரிசி வந்தாக வேண்டும்.

சுடச்சுட ஒன்றைக் கொடுத்தேன்.
ஊதினார். கடித்தார். கண்ணை மூடினார்.
"கறி எங்கே?"

கேட்டுவிட்டு
பன்னிரண்டில் நான்கை எடுத்துப் போனார்.

டிபன் பாக்ஸில் எட்டு.
வார்டில் நாங்கள் ஒன்பது பேர்.
படியிறங்கும்போதே ஒன்றைத் தின்று
கணக்கை இன்னும் கெடுத்தேன்.