பேசின் பிரிட்ஜ்

நாலு கம்பிதானா என்றாள் அம்மா.
மீதி ரெண்டுக்குக் காசு குறைச்சானா என்றாள்.
குறைக்கவில்லை.
கூடத்தான் வாங்கினான்
பர்மா பஜார் சந்துக்குள் கடை வைத்திருந்த ஜக்கரியா,
கிட்டாரின் கழுத்தில் விரிசல் இருந்ததைச் சொல்லாமல்.

பேண்டுக்குப் பேசின் பிரிட்ஜ் என்று பேர் வைத்தவன் தமீம்.
டிரம்ஸ் அவன்.
சென்ட்ரல் இதோ என்று இருக்கும்போது
வந்த ரயிலெல்லாம் அங்கேதான் நிற்கும்.
இறங்கத் தயாராகி
பெட்டியும் கையுமாய் வாசலில் நிற்பவர்களுக்குக்
கால் மரத்துப்போகும்.
அப்போது அது வேடிக்கையான பேர்.

மீன்பாடி வண்டியில் ஆம்ப் ஏற்றிக்கொண்டு
கிண்டிக்கும் அடையாறுக்கும் போனோம்.
கல்லூரி மேடையில் கேபிளைப் பிரித்தால் நெத்திலி வாசம்.
மைக் டெஸ்ட் செய்த பையன் மூக்கைப் பிடித்தான்.
கிளாட்சன் அதையே முதல் பாட்டில் ஒரு வரியாக்கிப் பாட,
கூட்டம் எழுந்து ஆடியது.
கண்ணெல்லாம் கிளாட்சன் மேல்.
காலெல்லாம் என்னிடம்.
அது கால்களுக்கே தெரியாது.

இறங்கியதும் ஒரு பெண் கேட்டாள்,
நீங்க என்ன வாசிச்சீங்க?

மறுநாள் பேப்பரில் வந்த படத்தில்
இடது ஓரம் ஒரு கிட்டாரின் தலை, நாலு முறுக்காணி.
லேமினேட் செய்து வைத்திருக்கிறேன்.

வேலை, துறைமுகத்தில் டேலி கிளார்க். நைட் ஷிஃப்ட்.
கன்டெய்னர் எண்ணுவேன்.
மேடையிலும் எண்ணுவதுதான் வேலை.
ஒண்ணு ரெண்டு மூணு நாலு,
தமீம் அவசரப்பட்டால் இழுத்துப் பிடிக்க வேண்டும்,
கிளாட்சன் வரி மறந்தால்
அவன் திரும்பி வரும்வரை அதே நாலு ஸ்வரத்தில் சுற்ற வேண்டும்,
தாழ்ப்பாள் போடாமல் ஒருத்தர் விழித்திருப்பது மாதிரி.
எண்ணிக்கை தப்பினால்தான்
இரண்டு இடத்திலும் என் பேர் யாருக்காவது ஞாபகம் வரும்.

சாலிகிராமத்தில் எட்டுப் பாட்டு பதிவு செய்தோம்.
மிக்ஸிங் செய்தவர் நல்ல மனுஷன்.
டீ வாங்கிக் கொடுத்துவிட்டுச் சொன்னார்:
எல்லாரும் போன்லதான் கேப்பாங்க தம்பி,
அதுல உன் சத்தம் வராது,
எதுக்கு வீணா எடத்த அடைச்சிக்கிட்டு.
ஒரு விரலால் எதையோ கீழே இழுத்தார்.
மூன்று வருஷம்.
அரை அங்குலம்.

சண்டை போட்டுப் பிரிந்தோம் என்று சொல்ல ஆசைதான்.
ஒரு ஞாயிறு ரிகர்சலுக்கு கோகுல் வரவில்லை,
அடுத்த ஞாயிறு இரண்டு பேர்.
கிளாட்சன் தோஹாவில் ஓட்டல் லாபியில் பாடுகிறான்.
தமீம் வண்ணாரப்பேட்டையில் இன்வெர்ட்டர் விற்கிறான்,
கல்லாவில் விரல் தாளம் போடும், பாவம், அதுவும் அவசரமாக.

தண்டையார்பேட்டை ஹவுசிங் போர்டு, மூன்றாவது மாடி.
பகல் தூக்கம் கலைந்த மத்தியானங்களில் வாசிப்பேன்.
சுவருக்கு அந்தப் பக்கம் ஷகீரா அக்காவின் தையல் மெஷின்.
தடித்த கம்பியைத் தொட்டால்
அவர்கள் அலமாரி டம்ளர்கள் ஒன்றையொன்று இடிக்கும்.
முதல் வருஷம் சுவரைத் தட்டுவார்கள்.
பிறகு தட்டவில்லை.
சலித்துவிட்டது என்று நினைத்தேன்.

போன மாதம் தமீம் இரண்டாவது கடை திறந்தான்.
ஆள் உயர பாக்ஸ் இரண்டு வைத்து
எங்கள் பழைய சிடியை நாள் முழுக்க அலறவிட்டான்.
குறைத்ததுபோக ஏதோ மிச்சம் இருந்திருக்க வேண்டும்.
ஷகீரா அக்கா படியில் நிறுத்திச் சொன்னார்கள்,
காய்கறிப் பையைக் கைமாற்றிக்கொண்டே,
கொஞ்சம் கோபமாகவே:

உங்க பாட்டப் போட்டாங்க தம்பி அங்க.
நம்ம செவத்துல வருமே, அதே.
ஆனா எவனோ ஒருத்தன் அதும் மேலயே நின்னு கத்துறான்.
கேக்கவே வுடல.

அன்றைக்கு ராத்திரி
ஒரு கன்டெய்னர் கணக்கில் குறைந்தது.
சூப்பர்வைசர் கிரேன் சத்தத்துக்கு மேலே
முழுப் பேரையும் சொல்லிக் கூப்பிட்டார்,
வி. தேவஇரக்கம்.

இங்கதான் சார் என்றேன்.