தூரம் எழுதும் கட்டம்

பயணப்படிப் படிவத்தில் ஐந்தாவது கட்டம் தூரம்.
கிலோமீட்டரில் எழுதுக. பின்னம் வந்தால் விட்டுவிடுக.
பதினாறு வருஷமாக
விட்டுவிடுவதுதான் என் வேலை.

நசீமா பானு மாதாமாதம்
அவலாஞ்சிக்கு இருபத்தெட்டு என்று எழுதுவாள்.
போவது ஒரே பாறைக்கு.
பிரியாணியில் போடுகிற கல்பாசியின் சொந்தக்காரர்கள்
அங்கே குடியிருக்கிறார்கள்.
வருஷத்துக்கு ஒரு மில்லிமீட்டர் நகர்வார்களாம்.
"பாறையோட தென்முகம் வேற நாடு மேடம்,
இங்க இருக்கிறவர் அங்க போனா பிழைக்க மாட்டார்."

ஹெலன் தவமலருக்கு மடகாஸ்கர் பக்கத்து வீடு.
கோத்தகிரி சாலையில் உடைத்த கல்லை
என் மேசையில் வைத்து,
"இதோட மறுபாதி அங்க இருக்கு,
நடுவுல கொஞ்சம் தண்ணி வந்துடுச்சு" என்பாள்.
கொஞ்சம்.
பில்லோடு ஒரு பஸ் டிக்கெட் இணைத்திருந்தாள்.

இருதயராஜின் மழை கம்ப்யூட்டரில் பெய்கிறது.
பூமியை ஐம்பது கிலோமீட்டர் சதுரங்களாக
வெட்டி வைத்திருக்கிறார்.
ஒரே சதுரத்துக்குள் ஊட்டியும் மேட்டுப்பாளையமும்;
இரண்டு ஊருக்கும் சேர்த்து அரை ஸ்வெட்டர் குளிர்.
தொட்டபெட்டா எங்கே என்றேன்.
சராசரியில் போய்விட்டது என்றார்,
வருத்தமாகத்தான்.

சுபாங்கி பில்லே போடுவதில்லை.
முத்தோரைச் சரிவில்
அரைக் கிலோமீட்டருக்கு விரித்த கம்பிகளிடம்
குவார்ட்டர்ஸிலிருந்து நடந்தே போய்விடுகிறாள்.
"இருபத்தஞ்சு லட்சம் ஒளியாண்டா?
அது எங்க தெரு அக்கா."

ஜூலையில் கேத்தி பக்கம் மண் சரிந்து
சாலை அடைத்த மத்தியானம்
நாலு பேரும் என் அறையில்.
வர்க்கி தீர்ந்தது. பேச்சு
பெரிசு என்கிற சொல்லில் போய் மாட்டிக்கொண்டது.
செல்லாத படிவங்களின் பின்பக்கம்
ஆளுக்கொரு படம் வரைந்தார்கள்.
ஒருவர் படத்தில் இன்னொருவர்
புள்ளியாகக்கூட இல்லை, அல்லது
தாளைத் தாண்டி எங்கோ நின்றார்.

நான் மசினகுடிக்காரி.
எலுமிச்சம்பழத்தை முகர்ந்தபடி
கல்லட்டியின் முப்பத்தாறு கொண்டை ஊசி வளைவையும்
எண்ணி எண்ணி வாந்தியை அடக்கியவள்.
தெரிந்ததைச் சொன்னேன்:
அடிவாரத்தில் நசீமாவின் ஒரு மில்லிமீட்டர்.
வளைவுக்கு வளைவு பத்து மடங்கு.
ஏறுங்கள்.

மூன்றாவதில் ஒரு மீட்டர், பாறை வந்தது.
எட்டுக்குச் சற்று முன்னால் இருதயராஜின் சதுரம்.
ஒன்பது தாண்டியதும் மடகாஸ்கர்,
தவமலர் இறங்கிக்கொண்டாள்.
பதினாலில் சூரியன்.
பதினாறுக்கு மேலே பத்தொன்பது வரை
டீக்கடை இல்லை, கைப்பிடிச் சுவர் இல்லை,
வெறும் இருட்டு. அதற்கப்புறம்தான்
அடுத்த நட்சத்திரம்.
இருபத்தைந்தில் சுபாங்கியின் தெரு.
"இன்னும் போங்க" என்றார் இருதயராஜ்,
அங்கே அவருக்கு ஒரு வேலையும் இல்லை.
முப்பது வருமுன்
பார்க்க முடிந்தது எல்லாம் முடிந்தது.

மீதி ஆறு வளைவு.

மழை தகரத்தில் கேட்டது.
சுபாங்கி பேனாவை மூடினாள்.
"அதுக்கு பில் போட முடியாது."

சனிக்கிழமை ஊருக்கு இறங்கினேன்.
முப்பத்தாறு, முப்பத்தைந்து, முப்பத்திநாலு,
எதற்குள் போகிறோம் என்று தெரியாமல்
பஸ் முழுக்கப் பேசிக்கொண்டு வந்தது.
பிரேக் கருகும் வாசனை.
பத்தொன்பதுக்கும் பதினாறுக்கும் நடுவில்
முன்சீட்டுப் பையன் ஜன்னலுக்கு வெளியே வாந்தி எடுத்தான்.
அவன் கையில் என் எலுமிச்சம்பழத்தைக் கொடுத்தேன்.

சோதனைச்சாவடியில் நின்றபோது
கைப்பிடிச் சுவரில் பார்த்தேன்,
எட்டணா அகலத்துக்குச் சாம்பல் பச்சை.
நகத்தால் சுரண்டப் போன கையை
இழுத்துக்கொண்டேன்.
நடுவிலிருந்து ஓரத்துக்குப் பன்னிரண்டு மில்லிமீட்டர்.
படிவத்தில் அது பின்னம்.
கல்லில்
பன்னிரண்டு வருஷப் பயணம்.