மான் தின்ற கணக்கு

மாதத்தின் இருபத்தாறாம் நாள்.
மகாபொலப் பணம் இன்னும் விழவில்லை.
வங்கி இயந்திரம் என் அட்டையை
நாக்கில் வைத்துப் பார்த்துவிட்டுத் துப்புகிறது.

உப்புவெளியில் எங்கள் அறை.
நாலு பேர், மூன்று கட்டில், ஒரு மின்விசிறி.
அது ஜெனிற்றாவின் பக்கம் மட்டும் தலையாட்டும்.
மன்னார்க்காரி, வெயில் தனக்குப் பழக்கம் என்பாள்,
ஆனாலும் இடம் மாற மாட்டாள்.

பாணை நாலாய் வெட்டுகிறபோது
லோஜியின் கை தவறாது.
பொகவந்தலாவையில் கொழுந்து நிறுக்கிறவரின் மகள்,
கண்ணே தராசு.
முட்டை ஒன்றுதான். வெங்காயத்தை அள்ளிப் போட்டால்
நாலு தட்டிலும் அதற்கு முட்டை என்றே பெயர்.

கொழும்பில் படிக்கிற மச்சாள் கேட்கிறாள்,
"அங்க எப்பிடியடி பொழுது போகுது?
ஒரு மோல் கூட இல்லையே."
இல்லைத்தான்.
அதனால்தான் கட்டுப்படியாகிறது.

போன ஞாயிறு விடியவே
கரைவலை இழுக்கிறவர்களோடு போய்க் கயிற்றைப் பிடித்தோம்.
முதலில் சிரித்தார்கள். பிறகு,
"பிள்ளையள், பின்னுக்குச் சாய்ஞ்சு இழுங்கோ."
உள்ளங்கை எரிய எரிய இழுத்ததற்கு
ஒரு பை நிறையச் சூடை மீன்.
பஸ்மியா மூதூரிலிருந்து கொண்டுவந்த மிளகாய்த்தூளில்
மூக்கு வடிய வடியத் தின்று
செதில் ஒட்டிய கையோடு தூங்கிப்போனோம்.
திங்கட்கிழமை விரிவுரையில்
முன்வரிசை முழுக்க எங்களைத் திரும்பிப் பார்த்தது.

திமிங்கிலம் பார்க்க வெளிநாட்டுக்காரருக்குப் படகு.
தலைக்கு எவ்வளவென்று பலகையில் டொலரில் இருக்கிறது.
எங்களுக்குக் கோணேசர் மலை.
நேற்று நாங்கள் மூவரும் கும்பிடப் போக
பஸ்மியா வெளியே
செருப்புகளுக்குக் காவல் நின்றாள்.
அவள்தான் கண்டாள்.
"அந்தா, ஊதுது!"
நாங்கள் ஓடி வருவதற்குள் கடல் மூடிக்கொண்டது.
அவள் கண்டதை
நாலாய்ப் பிரித்துக்கொண்டோம்.

இறங்கி வந்து கோட்டைப் புல்லில் உட்கார்ந்து
ஒரு கடலைச் சரையைப் பிரித்தோம்.
பக்கத்தில் சிவப்பு மட்டைக் கணக்குக் கொப்பி.
யார் யாருக்கு எவ்வளவு, எந்தத் தேதி, எதற்கு,
எல்லாம் என் கையெழுத்தில்.
மான் ஒன்று வந்தது.
கடலைக்குத்தான் என்று சரையை மறைத்தேன்.
அது கொப்பியைத் தின்றது.
அவசரமே இல்லை அதற்கு.
ஏப்ரலைக் கிழித்து மென்றது.
மேயை விழுங்கும்போது மட்டும்
ஒருதரம் காதை ஆட்டியது.
இழுபறியில் மிஞ்சியது மட்டையும்
"ஜெனிற்றா, நூற்றி" என்ற அரைவரியும்.

பஸ் காசை மிச்சம்பிடிக்கக் கரையோரமாய் நடந்தோம்.
நடக்க நடக்க ஒவ்வொருத்தியும்
தான் தரவேண்டியதைச் சொல்லத் தொடங்கினாள்.
மழையன்று பிடித்த ஓட்டோவில் என் பங்கு, என்றாள் பஸ்மியா.
போட்டோக் கொப்பி அறுபது ரூபாய், என்றாள் லோஜி.
நூற்றித் தொண்ணூறு, எழுது, என்றாள் ஜெனிற்றா,
எழுத ஒன்றுமில்லை என்பதை மறந்து.
எனக்கு ஞாபகம் இருந்தது:
அறுபதோடு சேர்த்து லோஜி எனக்கு இன்னொரு முந்நூறு.
அவள் அதைச் சொல்லவில்லை.
நானும் வாய் திறக்கவில்லை.
நல்ல மனசு என்றெல்லாம் இல்லை,
காற்று நன்றாக இருந்தது.

இன்று காலை புதுக் கொப்பி. எண்பது ரூபாய்.
கொடுத்தவள் பஸ்மியா.
முதல் வரியில் அதைத்தான் எழுதினேன்.
பல் தீட்டிவிட்டு வந்து பார்த்தால்
இரண்டாம் வரி லோஜியின் கையெழுத்தில்:
"மான், மத்தியானச் சாப்பாடு. வரவேண்டியது."

பாண் ஓட்டோ தன் ஒரே மெட்டோடு
தெருவுக்குள் திரும்புகிறது.
சில்லறையைக் கட்டிலில் கொட்டி எண்ணுகிறோம்,
நாலு பேரும்,
ஒரே நேரத்தில், சத்தமாக.