ஒன்று கூடுதல்

லங்காஸ்டர் ஆவணக் காப்பகத்தில்
பென்சிலுக்கு மட்டும்தான் அனுமதி.
மூன்றாவது வாரமாக வெரோனா ஆலெய்ன்
அதே மேசையில்,
அதே ஒழுகும் சன்னலுக்குக் கீழே.
பஞ்சுத் தலையணையில் சாய்த்த பேரேடு
நோயாளியைப் போல் படுத்திருக்கிறது.

பார்படோஸ், ஹாலோகோம்ப் தோட்டம், 1787.
(தோட்டம் இருந்த இடம் இப்போது கோல்ஃப் மைதானம்.
அவள் அண்ணன் அங்கே புல் வெட்டுகிறான்.)

கோவேறு கழுதைகள் பதினொன்று.
செப்புக் கொப்பரைகள் ஆறு, ஒன்றில் விரிசல்.
அடுத்த வரியில், மூச்சுவிட இடமின்றி,
குவாஷிபா, வயது பத்தொன்பது, அறுபது பவுன்.
மிங்கோ, ஒரு கை ஆலையில் போனது, ஐந்து பவுன்.
பெனிபா, முதியவள், மதிப்பு ஏதுமில்லை.
ஏதுமில்லை என்பதையும்
கோடு தாண்டாமல்
மணிமணியாக எழுதியிருக்கிறான் குமாஸ்தா.

அவள் எழுதும் நூலுக்கு இது பத்தோடு பதினொன்று.
வாதம் எப்போதோ தயார்:
சர்க்கரை கடனாகி, கடன் பத்திரமாகி,
பத்திரம் பிரெஸ்டனில் தறியாகி,
தறி புகையாகி,
புகை தொப்பி மாட்டிக்கொண்டு
நகரசபைக்குப் போட்டியிட்டு ஜெயித்த கதை.
அடிக்குறிப்புகள்தான் பாக்கி.

ஆனால் கூட்டல் இடிக்கிறது.

பெயர்கள் நூற்றுப் பதினேழு.
அடியில் தொகை நூற்றுப் பதினெட்டு.

பென்சில் முனை தாளில் படாமல்
பெயர் பெயராக மறுபடி எண்ணினாள்.
விடுதி அறையில், பிரதியை விரித்து,
ஆறிப்போன சூப்பை நகர்த்திவிட்டு எண்ணினாள்.
ஓடிப்போனவனோ?
ஓடியவர்களுக்குத் தனி ஏடு உண்டு.
செத்தவரை அடிக்க மறந்தானோ?
ரம் மயக்கமோ?
பிழை என்று ஒரு வரி எழுதிவிட்டு நகர்ந்திருக்கலாம்.
பிழை யாருக்கும் வலிக்காது.

செவ்வாயன்று அடமானப் பத்திரம் வந்தது,
நாடா கட்டி, முத்திரை மெழுகு உதிர்ந்து.
கடன் கொடுத்தவர் ஆம்ப்ரோஸ் கெல்லெட், வங்கியாளர்.
ஐந்து விழுக்காடு.
ஈடு: நிலம், ஆலை, கொப்பரைகள், மேற்படி அடிமைகள்,
மேலும் குவாஷிபாவின் பெருக்கம்,
மார்ச்சில் எதிர்பார்க்கப்படுவது.

குமாஸ்தா தப்பே செய்யவில்லை.

வட்டி குட்டி போடும் என்பது பேச்சுக்குச் சொல்வது.
கெல்லெட்டுக்குப் பேச்சு பிடிக்காது போலும்.
வயிற்றுக்குள் எட்டிப் பார்த்து
முதலில் சேர்த்துவிட்டார்.
தொட்டிலுக்கு முன்பே
பத்திரத்தில் படுத்தது அந்தக் குழந்தை.

நாற்பத்தேழு வருஷம் கழித்து விடுதலைச் சட்டம்.
அரசு ஈட்டுத்தொகை கொடுத்தது,
ஈடு வைத்தவர்களுக்கே.
தமிழில் இரண்டுக்கும் ஒரே சொல்.
அந்த ஊர் மொழிக்கு இரண்டு சொல் தேவைப்பட்டது.
பணம் போன பை ஒன்றுதான்.

1788 ஏட்டைக் கேட்டாள்.
வெள்ளத்தில் போய்விட்டதாம்.
பிறந்ததா, ஆணா பெண்ணா,
ஞாயிற்றுக்கிழமைப் பெயரா, தாயைப் போல?

திரும்பும் வழியில் கெல்லெட்டின் வங்கி.
இப்போது மூக்குக்கண்ணாடிக் கடை.
கண் பரிசோதனை இலவசம் என்று பலகை.
மழையில் நின்று அதை இரண்டுமுறை படித்தாள்.

நூல் அச்சுக்குப் போகும் வாரம்
பதிப்பகத்திலிருந்து ஒரு கேள்வி:
"பிற்சேர்க்கை மூன்றில்
118க்கு எதிரே பெயர் விடுபட்டிருக்கிறது.
எண்ணை எடுத்துவிடலாமா?"

மேசையில் பேனா இருந்தது.
அவள் பழக்கத்தில்
பென்சிலைத் தேடி எடுத்து,
ஓரத்தில் எழுதினாள்:
இருக்கட்டும்.